பாகாலின் புதல்வியர்: உகரித்து மரபில் மழைமகளிர் மூவர் உருவான விதம்

சிரியாவின் மத்தியதரைக் கடற்கரையில், லத்தாக்கியா நகருக்கு அருகே ராஸ் ஷம்ரா மேட்டில் 1929இல் தொடங்கிய அகழாய்வு வெளிப்படுத்திய உகரித்து நகரின் களிமண் பலகைகளில், இடிக்கும் மழைக்கும் தலைவனான பாகாலுக்குப் பித்ராய், தல்லாய், அர்ஸாய் என்னும் மூன்று புதல்வியர் இருந்ததாகக் காணப்படுகிறது. மூவரும் பெரிதாக எதுவும் செய்வதில்லை, பேசுவதும் இல்லை, ஆயினும் பண்டைச் செமித்தியச் சமயத்தில் வானிலைச் சிறுதெய்வங்களைப் பற்றி எழுதப்பட்ட ஏறத்தாழ ஒவ்வொரு நூலிலும் ஒளியின் மகள், பனியின் மகள், நிலத்து நீரின் மகள் என்ற வரிசையில் ஒரு முழுமையான மழைமகளிர் குழுவாக இவர்கள் இடம்பெற்றுவிட்டனர். இந்தக் குழு உகரித்து மக்களின் வழிபாட்டில் உண்மையிலேயே இருந்ததா, அல்லது ஒரு காவியத்தின் வரிகளுக்குள் மட்டும் உருவானதா என்பதே இக்கட்டுரை ஆராயும் வினா.

இன்று வழங்கும் கருத்தை உறுதியாக நிலைநிறுத்தியவர் நெதர்லாந்து அறிஞர் யோஹான்னஸ் டி மோர். 1971இல் வெளிவந்த அவருடைய நூல், பாகால் காவியம் என்று அழைக்கப்படும் ஆறு பலகைகளின் கதையை (உகரித்து நூல்களின் பொதுத் தொகுப்பெண்ணில் இவை கே.டி.யூ. 1.1 முதல் 1.6 வரை) சிரியக் கடற்கரையின் ஓர் ஆண்டுக் காலச் சுழற்சியாக, இலையுதிர்காலப் புத்தாண்டில் தொடங்கி மீண்டும் இலையுதிர்காலத்தில் முடியும் ஒழுங்காகப் படித்தது. சமயச் சடங்கும் பருவமும் புராணமும் ஒன்றே என்று 1950இல் தியடோர் காஸ்டர் பொதுவாகச் சொல்லியிருந்ததை டி மோர் மழை, காற்று, பனி, மூடுபனி ஆகியவற்றின் வானிலைத் தரவுகளோடு வரிவரியாக ஒப்பிட்டுக் காட்டினார். அந்த உழைப்பின் நுணுக்கத்தை இன்றும் எவரும் மிஞ்சவில்லை. இந்த அமைப்பில் மூன்று புதல்வியரும் ஈரத்தின் மூன்று வடிவங்களாக ஆகிறார்கள்: பித்ராய் இலைகளில் படியும் தேன்பனியின் பெண், தல்லாய் மென்தூறலின் பெண், அர்ஸாய் பெருகி ஓடும் நீரின் பெண். காவியம் அவர்களுக்குத் தரும் அடைமொழிகளுக்கு அவர் தந்த பொருள்கள் இவை. பித்ராயின் அடைமொழியைப் பெரும்பாலான பிறர் ‘ஒளியின் மகள்’ என்றே கொள்கின்றனர். அர்ஸாயின் அடைமொழிக்கோ எல்லாரும் ஏற்கும் பொருள் இன்றளவும் இல்லை.

டி மோரின் வாசிப்பை முழுவதும் தள்ளுவது நியாயமன்று. கோடை வறட்சிக்கும் பாகாலின் மரணத்திற்கும் உள்ள தொடர்பு கதையிலேயே வெளிப்படையாக இருக்கிறது; மழைக்கடவுள் இறந்தால் வயல்கள் வாடும் என்பதை அனாத் தேவியும் தந்தைக்கடவுள் ஏலும் அறிந்தே பேசுகின்றனர். ஆனால் அந்த ஒழுங்கைக் காப்பாற்ற அவர் கொடுக்க வேண்டியிருந்த விலை கவனிக்கத்தக்கது. பாகாலும் கடற்கடவுள் யாமும் போரிடும் பலகைகளுக்கு முன்பாக, பாகாலின் வெற்றி விருந்தைக் கூறும் மூன்றாம் பலகையை (கே.டி.யூ. 1.3) அவர் காவியத்தின் தொடக்கமாக வைத்தார், அந்த விருந்து அவருக்கு இலையுதிர்காலப் புத்தாண்டு விழாவாக வேண்டியிருந்தது. புதல்வியர் முதன்முதலில் தலைகாட்டுவதும் அந்த விருந்தில்தான் என்பதால், அவர்களுடைய வானிலைப் பண்பும் பலகை வரிசையை மாற்றியமைத்ததன் மீதே ஓரளவு நிற்கிறது. இந்த வரிசையைப் பின்வந்த பெரும்பாலோர் ஏற்கவில்லை; மார்க் ஸ்மித் 1994இலும், வேய்ன் பிட்டார்டுடன் சேர்ந்து 2009இலும் வெளியிட்ட விரிவுரைகள் வழக்கமான வரிசையையே பின்பற்றுகின்றன. வரிசையைக் கைவிட்டவர்கள் அதன் மேல் கட்டப்பட்ட மழைமகளிரை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டது ஏன் என்பது விளங்கவில்லை.

காவியத்தில் புதல்வியர் வரும் இடங்களை ஒன்றாக அடுக்கிப் பார்த்தால் ஒரு வேறுபாடு புலப்படுகிறது. அதற்கு இதுவரை போதிய முக்கியத்துவம் தரப்படவில்லை. வெற்றி விருந்தில் பாகால் தன் புதல்வியரை நோக்கும்போது (1.3, முதற்பத்தி) பெயர் சொல்லப்படுவோர் பித்ராயும் தல்லாயும் மட்டுமே. மாளிகை கட்டும் கைவினைக் கடவுளான கோதார் சாளரம் வைக்க வேண்டும் என்று வற்புறுத்துகையில் பாகால் மறுக்கும் சிதைந்த வரிகளிலும் (1.4, ஆறாம் பத்தி) அவர்கள் இருவரே. மரணக்கடவுள் மோத்தின் உலகுக்கு இறங்கும்படி பாகாலுக்குக் கட்டளை வரும் இடத்திலும் (1.5, ஐந்தாம் பத்தி) அவர்கள் இருவரே. அர்ஸாய் சேர்ந்து மூவராக வருவது இரண்டே வகைச் சூழல்களில்: பாகாலின் காதலைப் பற்றிய பாட்டில் ஒருமுறை, பாகாலுக்கு மாளிகை இல்லையே என்ற முறையீட்டில் உறைவிடங்கள் அடுக்கப்படும் நிலையான வாய்பாட்டில் பலமுறை. அதாவது, கதை நகரும் இடங்களில் இருவர்; திரும்பத் திரும்ப ஓதப்படும் அடுக்குகளில் மூவர்.

உகரித்துச் செய்யுள் ஒரு கருத்தை இணையான இரண்டு அடிகளில் சொல்லும் இயல்புடையது. ஆகவே இரண்டு பெயர்கள் வருவது யாப்பின் தேவையாக மட்டுமே இருக்கலாம் என்று மறுப்புக் கூறலாம். மறுப்பு நியாயமானதே. ஆனால் அதே கவிஞர் மூன்று அடிகளையும் தயக்கமின்றிக் கையாள்கிறார். மூன்றாமவளைச் சேர்க்க விரும்பிய இடங்களில் யாப்பு அவரைத் தடுக்கவில்லை. கீழுலகுப் பயணத்தில் மூன்றாமவள் விடுபட்டதற்கு யாப்பைத் தவிர வேறொரு காரணம் இருந்ததா என்று கேட்பதற்கு இது இடமளிக்கிறது. அந்தக் காரணத்தைக் காவியத்துக்கு வெளியே உள்ள ஒரு பலகை தருகிறது.

அகழாய்வில் ஆர்.எஸ். 20.24 என்று எண்ணிடப்பட்டு, ழான் நூகெரோலால் 1968இல் வெளியிடப்பட்ட அந்தப் பலகை 33 வரிகள் கொண்ட ஒரு தெய்வப் பட்டியல். அக்காலத்தின் பொது எழுத்துமொழியான அக்காதியத்தில், ஆப்பெழுத்தில், வரிக்கு ஒரு தெய்வமாக அது எழுதப்பட்டுள்ளது. இதே பட்டியல் உகரித்தின் 30 குறிகள் கொண்ட சொந்த அகரவரிசை எழுத்திலும் இரண்டு படிகளில் (கே.டி.யூ. 1.47, 1.118) கிடைத்திருப்பதால், வரியை வரியோடு பொருத்தி, உள்ளூர்த் தெய்வம் ஒவ்வொன்றையும் அந்நகரத்து எழுத்தர்கள் அக்காதியத்தில் எந்தத் தெய்வமாகக் கருதினர் என்பதை நேரடியாக அறியலாம். பண்டை எழுத்தர்களே தம் தெய்வங்களுக்கு எழுதிய உரை என்று இதைக் கொள்வதில் தவறில்லை. நான்காம் வரியில் சபோன் மலையின் பாகால், ஹாஸி மலைத் தலைவனான அதாத் ஆகிறான். 13ஆம் வரியில் நிலவுக்கடவுள் யாரிக், சின் ஆகிறான். 15ஆம் வரியில் கோதார், ஏயா ஆகிறான். 16ஆம் வரியில் பித்ராய். எதிரே எழுதப்பட்டிருப்பது ஹேபாத். 22ஆம் வரியில் அர்ஸாய்; எதிரே அல்லாத்தும். தல்லாயின் பெயர் பட்டியலிலேயே இல்லை.

மழைமகளிர் மூவர் என்ற கருத்தோடு இந்தப் பலகையை அருகருகே வைத்தால் எதுவும் பொருந்தவில்லை. உடன்பிறந்தவர்களாகச் சொல்லப்படும் இருவருக்கு நடுவே ஐந்து வரிகள் உள்ளன. பித்ராய் கோதாருக்கும் அத்தார் என்னும் ஆண்தெய்வத்துக்கும் இடையில் நிற்கிறாள். அர்ஸாய் சூரியத்தேவி ஷப்ஷுவுக்கும் உஷாரா எனப்படும் இஷ்ஹாராவுக்கும் இடையில் நிற்கிறாள். ஷப்ஷு இரவில் இறந்தோர் உலகைக் கடப்பவள். இஷ்ஹாராவுக்கும் கீழுலகத் தொடர்பு உண்டு. அர்ஸாய்க்கு ஈடாகக் கூறப்படும் அல்லாத்தும், ஹூரிய மக்கள் அல்லானி என்று வணங்கிய கீழுலக அரசி. மெசபொத்தேமிய மரபில் எரேஷ்கிகாலோடு ஒன்றாக வைக்கப்பட்டவள். ஆகவே அர்ஸாயின் இடம், அண்டை, ஈடு மூன்றும் ஒரே திசையைக் காட்டுகின்றன.

பெயர் ஒற்றுமையை மட்டும் கொண்டு எழுத்தர்கள் இந்த ஈட்டைச் செய்திருக்கலாம் என்பதே டி மோரின் தரப்பினர் சொல்லக்கூடிய வலுவான மறுப்பு. அர்ஸாய் என்ற பெயர் நிலத்தைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. நிலத்தின் அடியில் இருப்பது கீழுலகம். ஆகவே பெயரைப் பார்த்தவுடன் எழுத்தர் அல்லாத்தும் என்று எழுதிவிட்டார் என்று அவர்கள் கூறலாம். பலகையே இதற்கு விடை தருகிறது. அதே எழுத்தர் 11ஆம் வரியில் ‘நிலமும் வானும்’ என்ற இணைத்தெய்வத்தைப் பெயர்க்கும்போது நிலத்தைக் குறிக்கும் குறியையே நேராக எழுதியிருக்கிறார். பெயரின் பொருள்தான் அவருக்கு வழிகாட்டி என்றால், 11 வரிகள் கழித்து அந்தக் குறியையோ அதைக் கொண்ட ஒரு பெயரையோ அவர் பயன்படுத்தியிருக்கலாம். அவர் அதை விடுத்து, பெயரளவில் சிறிதும் ஒத்துப்போகாத, உருவமும் அரண்மனையும் கதையும் உடைய ஒரு தேவியைத் தேர்ந்தார். பித்ராய்க்கு ஹேபாத் என்ற ஈட்டிலும் பெயர் ஒற்றுமை இல்லை. எனவே எழுத்தர் கருதியது வழிபாட்டில் அத்தெய்வம் வகித்த இடம் என்று கொள்வதே பொருத்தம்.

மழைக்கடவுளின் குடும்பத்தில் ஒரு கீழுலகத் தேவி இருப்பது விந்தையாகத் தோன்றலாம். ஹித்தித்துத் தலைநகர் ஹத்தூஷாவில் 1983இல் தொடங்கிக் கண்டெடுக்கப்பட்டு, எரிக் நோய் 1996இல் முழுமையாகப் பதிப்பித்த ஹூரிய–ஹித்தித்து இருமொழி நூலான ‘விடுதலைப் பாட்டு’ இந்த விந்தையைப் பெரிதும் குறைக்கிறது. அதில் மழைக்கடவுள் தெஷுப் அல்லானியின் கீழுலக மாளிகைக்குச் செல்கிறான். அவள் அவனை உயர்ந்த இருக்கையில் அமர்த்திப் பெருவிருந்து படைக்கிறாள். உகரித்தில் ஹூரிய மொழியும் வழிபாடும் அரண்மனை வரை புழங்கின. அல்லானியின் மாளிகையில் மழைக்கடவுள் விருந்துண்ட கதையை அறிந்த எழுத்தருக்கு, பாகாலைச் சேர்ந்த அர்ஸாயை அவளாகக் காண்பதில் தடை இருந்திருக்காது.

இந்த வெளிச்சத்தில் ஐந்தாம் பலகையின் கட்டளையை மீண்டும் படிக்க வேண்டும். பாகால் தன் மேகங்களையும் காற்றையும் இடிக்கருவிகளையும் மழையையும், ஏழு இளைஞரையும் எட்டுப் பன்றிகளையும், ஒளியின் மகள் பித்ராயையும் தூறலின் மகள் தல்லாயையும் உடன்கொண்டு, மலையைக் கைகளில் தூக்கி, நிலத்துக்குள் இறங்குவோருள் ஒருவனாக எண்ணப்பட வேண்டும். ஒரு கடவுளின் முழுப் பரிவாரமும் எண்ணப்படும் இவ்விடத்தில் அர்ஸாய் இல்லை. பெருகி ஓடும் நீரின் பெண்ணாக அவள் இருந்தால் இந்த ஊர்வலத்தில் அவளுக்கே முதல் உரிமை; ஆறுகள் வற்றும் காலத்தில் அவள் மட்டும் மேலே தங்கியிருக்க நியாயமில்லை. அவள் ஏற்கெனவே கீழே இருப்பவள், செல்லுமிடத்தின் தலைவி என்று கொண்டால் வரி தானாகவே விளங்கிவிடுகிறது. சொல்லப்படாததிலிருந்து செய்யும் முடிவு வலுக்குறைந்தது என்பதும், அர்ஸாய் பாகாலைக் கீழுலகில் வரவேற்றதாக எந்தப் பலகையும் கூறவில்லை என்பதும் மறுக்க முடியாதவை. ஆனாலும் இருவர் மட்டும் வரும் மூன்று இடங்கள், பட்டியலின் 22ஆம் வரி, அதன் அண்டைத் தெய்வங்கள், ஹூரிய விருந்து ஆகிய நான்கும் ஒன்றையொன்று தழுவி நிற்கையில், பொருள் தெளிவற்ற ஓர் அடைமொழியை மட்டும் கொண்டு அவளை நீர்த்தேவியாக்குவதைவிட இந்த முடிவுக்கே ஆதாரம் மிகுதி.

தல்லாயின் நிலை வேறு. மூவருள் ஐயத்துக்கிடமின்றி வானிலையைச் சேர்ந்தவள் அவள் ஒருத்தியே. பெயரிலேயே பனி இருக்கிறது, அடைமொழியிலேயே தூறல் இருக்கிறது. ஆனால் பனியும் தூறலும் சேர்ந்து வருவது உகரித்துச் செய்யுளின் பழகிய இணை. அனாத் தன் போருக்குப் பின் வானத்துப் பனியாலும் மேகமேறுவோனான பாகாலின் தூறலாலும் கழுவிக்கொள்கிறாள். அக்ஹாத் கதையில் மகனை இழக்கும் தானேல், ஏழு எட்டு ஆண்டுகள் பாகால் பொய்க்கட்டும், பனியும் இல்லை தூறலும் இல்லை என்று சபிக்கிறான். இந்தப் பொதுச்சொல் இணையை எடுத்து, ஒன்றைப் பெயராகவும் மற்றொன்றைத் தந்தையாகவும் வைத்தால் தல்லாய் முழுமையாக உருவாகிவிடுகிறாள். தெய்வப் பட்டியலில் அவள் இல்லாததும், இதுவரை அறியப்பட்ட பலிப் பட்டியல்களில் அவளுக்கென ஓர் ஆடுகூட ஒதுக்கப்பட்டதாகத் தெரியாததும், அவள் காவியக் கவிஞரின் அல்லது அவருக்கு முந்திய பாடகர் மரபின் படைப்பு என்ற கருத்துக்கு வலுச்சேர்க்கின்றன.

தல்லாயை வைத்துப் பருவ ஒழுங்கை நிறுவுவதிலும் ஓர் இடர் உண்டு. கிழக்கு மத்தியதரைக் கரையில் மழை நின்ற கோடையிலும் பனி இறங்குகிறது. கோடைக் கனிகளுக்கு அதுவே ஈரம். சைரஸ் கோர்டன் இதைக் கொண்டே ஆண்டுச் சுழற்சி வாசிப்பை மறுத்து, காவியம் பேசுவது ஏழாண்டுப் பஞ்சத்தைப் பற்றி என்றார். ஏழாண்டுக் கணக்கை ஏற்கத் தேவையில்லை. ஆனால் வறண்ட கோடையில் பனிமகள் கீழுலகில் இருந்தாள் என்பது வானத்தைப் பார்த்து எழுதப்பட்ட வரியன்று என்பதை ஏற்கத்தான் வேண்டும். மேலும் ஆறாம் பலகையில் பாகால் உயிர்த்திருப்பதை ஏல் கனவில் காணும்போது வானம் எண்ணெய் பொழிகிறது, ஓடைகளில் தேன் ஓடுகிறது. ஆனால் புதல்வியர் திரும்பியதாக ஒரு சொல்லும் இல்லை. பலகை சில இடங்களில் உடைந்திருக்கிறது என்பது உண்மையே. எனினும், மழையின் உருவங்களே புதல்வியர் என்றால், மழை திரும்பும் அந்தக் கனவைவிட அவர்களுக்குப் பொருத்தமான இடம் காவியத்தில் வேறில்லை.

பித்ராயின் வரலாறே மூவரில் நீளமானது. அவளுக்கு ஈடாக எழுதப்பட்ட ஹேபாத், கி.மு. 24ஆம் நூற்றாண்டின் எப்லா ஆவணங்களிலேயே அலெப்போ நகரத்து மழைக்கடவுளின் துணைவியாக அறியப்பட்டு, பின்னர் ஹூரியரிடம் தெஷுப்பின் பட்டத்தரசியான தேவி. மகளுக்கு ஈடாக மனைவியை எழுதியது எழுத்தரின் கவனக்குறைவு என்று ஒதுக்க முடியாது, கே.டி.யூ. 1.132 என்னும் சடங்குப் பலகை அதை உறுதிசெய்கிறது. அதன்படி 19ஆம் நாளில் அரசனுக்குரிய விரிப்புகளைக் கொண்டு பித்ராயின் படுக்கை விரிக்கப்பட வேண்டும். தொடர்ந்து ஹூரிய மொழியில் பலிகள் சொல்லப்படுகின்றன, அவற்றைப் பெறுவோருள் ஹேபாத்தும் உண்டு. இதைத் தெய்வத் திருமணச் சடங்கு என்று சிலர் கொள்வதற்குப் பலகையில் நேர்ச்சான்று இல்லை; படுக்கை விரிப்பதற்கு அப்பால் அது எதையும் விவரிக்கவில்லை. ஆனால் அரண்மனையோடு நெருங்கிய, படுக்கையும் பலியும் பெற்ற ஒரு தேவி அவள் என்பதில் ஐயமில்லை. நிலவுக்கடவுளின் திருமணத்தைப் பாடும் சிறு பாட்டில் (கே.டி.யூ. 1.24) நிக்கால் தேவிக்குப் பதிலாக யாரிக்குக்குப் பித்ராயை மணம்பேச முயல்கிறார்கள், அவன் மறுத்துவிடுகிறான். அங்கும் தல்லாயோ அர்ஸாயோ பேச்சில் இல்லை. மெசபொத்தேமியாவில் அதாத்தின் துணைவி ஷாலா தனக்கென ஒரு கதிரையும் வானில் ஒரு விண்மீன் கூட்டத்தையும் பெற்று மழையோடும் விளைச்சலோடும் ஒட்டியிருந்ததைப் போல, பித்ராய் மழையோடு ஒட்டியிருந்தாள் என்று சொல்ல வழிபாட்டு நூல்கள் எதிலும் ஆதாரம் காணப்படவில்லை.

மூவரையும் கிரேக்கத்தின் ஏதென்ஸ் நகரத்து அரசன் கெக்ரோப்ஸின் மூன்று புதல்வியரோடு, குறிப்பாகப் பனியின் பெயர் தாங்கிய ஹெர்ஸே, பாண்ட்ரோசோஸ் ஆகியோரோடு, மைக்கேல் ஆஸ்தூர் 1969இல் ஒப்பிட்டார். ஒப்பீடு கவர்ச்சியானது, ஆனால் ஒப்பிடுவதற்கு முன்பே உகரித்துப் பக்கம் ஒரு மூவர் குழு இருந்ததாக அது எடுத்துக்கொள்கிறது. மேற்கண்ட சான்றுகளின்படி அக்குழுவே காவியத்தின் வாய்பாட்டுக்குள் மட்டும் இருப்பது. ஆகவே ஏதென்ஸுடனான தொடர்பை இங்கு மேலும் தொடர்வதில் பயனில்லை.

காவியம் முந்தியதா, பட்டியல் முந்தியதா என்பதே தீராத சிக்கல். காவியத்தை எழுதிய எழுத்தர் இலிமில்கு, தாம் நிக்மத்து என்னும் அரசன் காலத்தவர் என்று ஆறாம் பலகையின் முடிவுரையில் குறிப்பிடுகிறார். உகரித்தில் அப்பெயருடைய அரசர் ஒருவருக்கு மேற்பட்டோர். நெடுங்காலமாக கி.மு. 14ஆம் நூற்றாண்டின் இரண்டாம் நிக்மத்துவே கொள்ளப்பட்டான். 1992இல் ஊர்த்தேனு என்பவரின் வீட்டில் இலிமில்குவின் பெயர் தாங்கிய மற்றொரு பலகை கிடைத்த பின், 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஆண்ட நிக்மத்துவே அவன் என்ற கருத்து வலுப்பெற்றிருக்கிறது. பட்டியல்களோ நகரம் அழிந்த ஏறத்தாழ கி.மு. 1185க்கு முந்திய கடைசிப் பத்தாண்டுகளைச் சேர்ந்தவை என்று பொதுவாகக் கருதப்படுகின்றன. முதற்கருத்தின்படி, கவிஞர் அமைத்த மூவர் குழு ஒரு நூற்றாண்டுக்கு மேல் புழங்கியும் கோயில்களில் இடம்பெறவில்லை என்றாகிறது. இரண்டாம் கருத்தின்படி, கவிஞரும் பட்டியல் எழுத்தரும் ஒரே தலைமுறையில், சில தெருக்கள் இடைவெளியில் இருந்துகொண்டு, ஒரே தெய்வங்களை வெவ்வேறு விதமாக அடுக்கியிருக்கிறார்கள். பின்னது உண்மையானால், அர்ஸாயைப் புதல்வியர் அடுக்கில் சேர்த்தபோது கவிஞர் அவளைக் கீழுலகத் தேவியாக அறிந்தே சேர்த்தார் என்று சொல்வதற்கு இடமுண்டு. முன்னது உண்மையானால், அல்லாத்தும் என்ற ஈடு பிற்கால ஹூரியச் செல்வாக்கில் வந்ததாகவும் இருக்கலாம், அப்போது இக்கட்டுரையின் வாதத்தில் ஒரு பகுதி தளர்ந்துவிடும். கிடைத்துள்ள முடிவுரைகளைக் கொண்டு இதற்கு மேல் செல்ல இயலாது.

உகரித்து அழிந்து பல நூற்றாண்டுகளுக்குப் பின் இவர்களுள் ஒருத்தியின் பெயர் மட்டும் மீண்டும் வருகிறது. அரமேய மொழியை எகிப்தின் தெமோத்திக் எழுத்தில் எழுதிய, பெரும்பாலும் கி.மு. 4ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கொள்ளப்படும் ஆம்ஹர்ஸ்ட் பாப்பிரஸ் 63இல், சபோனின் பாகாலோடு சேர்த்து வாழ்த்து வேண்டப்படும் தெய்வங்களுள் காசாவுக்குத் தெற்கே உள்ள ராபியா நகரத்துப் பித்ராயும் ஒருத்தி. உயிரொலிகளையும் மெய்யொலிகளையும் அந்நிய எழுத்தில் பொருத்திப் படிக்க வேண்டிய அந்தச் சுருளின் பல வாசிப்புகள் இன்னும் விவாதத்தில் உள்ளன. ஆயினும் இந்த வாசிப்பு நிலைபெறுமானால், அவளுக்கு அங்கே தனக்கென ஓர் ஊர் இருக்கிறது. ஒளியின் மகள் என்ற அடைமொழி இல்லை. பனியின் மகளும் நிலத்தின் மகளும் உடன் இல்லை.